ரியல் டாட் எழுதிக்கொள்வது

மக்கா ஜெபின்,

அடுத்த மாதம் தன் கல்யாணத்துக்கு ஊருக்கு வரப்போகிற பிள்ளைக்கு யாராவது கடிதம் எழுதுவார்களா என்று உன் அம்மா கேட்கிறாள். போனை எடுத்து இரண்டு வார்த்தை பேசினால் முடிகிற காரியம் என்கிறாள். முடியாது. போனில் உன்னிடம் எனக்குச் 'சரி', 'பாக்கலாம்', 'சாப்பிட்டியா' என்பதைத் தாண்டி வார்த்தை வராது. போன ஞாயிற்றுக்கிழமையும் அதுதான் நடந்தது. சின்ன வயதில் உன்னோடு டிவியில் நடித்த ஜேசன் கல்யாணத்துக்கு வருகிறார் என்று சந்தோஷமாகச் சொன்னாய். நான் அதற்கு ஒரு 'சரி' சொல்வதற்குள் அடுத்ததையும் கேட்டாய். "அப்பா, சர்ச்சுல முன் பெஞ்சுல, உங்க பக்கத்துல ஜேசனை இருத்தட்டா?" நான் "பாக்கலாம்" என்று சொல்லி போனை அம்மா கையில் கொடுத்துவிட்டு, வீட்டுக்குப் பின்னால் போய் வாழைக்குத் தண்ணீர் பாய்ச்சினேன். அன்று காலையில்தான் நல்ல மழை பெய்து ஓய்ந்திருந்தது.

அம்மா பின்னாலேயே வந்து நின்றாள். "பிள்ள ஆசைப்பட்டு ஒரு காரியம் கேட்டிருக்கான். உண்டுன்னு சொல்லுங்க, இல்லைன்னு சொல்லுங்க. மழை நனைஞ்ச வாழைக்கு என்னத்துக்குத் தண்ணி?" என்றாள். ஜேசன் பெயரைக் கேட்டால் எனக்கு என்ன ஆகும் என்று அவள் ஒருத்திக்குத்தான் தெரியும். இப்போது உனக்கும் சொல்லிவிடுகிறேன். பொறாமை. கொஞ்சம் மரியாதையான வார்த்தை ஏதாவது கிடைக்குமா என்று இரண்டு நாள் யோசித்துப் பார்த்தேன், கிடைக்கவில்லை. இதைப் படித்து நீ சிரித்தாலும் சரி, கோபப்பட்டாலும் சரி. கடிதம் முழுக்க உனக்காக 'அவர்' என்றுதான் எழுதுவேன். மனதுக்குள் அவன்தான்.

முதலிலிருந்து சொல்கிறேன். அம்மாவுக்கு இங்கிலாந்தில், லீட்ஸில் மருத்துவமனை வேலை கிடைத்தபோது நான் வடசேரிச் சந்தையில் வாழைக்குலை மொத்த வியாபாரம் செய்துகொண்டிருந்தேன். சந்தையில் பெயர் சொல்லிக் கூப்பிட ஆள் இருந்தது. லீட்ஸில் நான் நர்ஸின் வீட்டுக்காரர். இரவில் ஒரு கிட்டங்கியில் பெட்டி அடுக்கும் வேலை. அப்போதுதான் உன் பள்ளிக்கு ஒரு பெண்மணி வந்தார், டிவி விளம்பரத்துக்குப் பிள்ளைகளைத் தேடி. எல்லாப் பிள்ளைகளையும் பாடச் சொன்னார், ஆடச் சொன்னார், கடைசியில் ஒன்றும் செய்யாமல் நாற்காலியில் உட்காரச் சொன்னாராம். மற்றவர்கள் நெளிந்தார்கள். நீ மட்டும் அப்படியே இருந்தாய். சும்மா இருக்கத் தெரிந்ததற்காக வேலை கிடைத்த ஆள் நம் குடும்பத்தில் நீ ஒருவன்தான்.

முதல் விளம்பரத்தில் உன் வலது கையும் பாதி முகமும் வந்தன. காலை உணவுத் தானியத்தைக் கரண்டியில் அள்ளி வாய்க்குக் கொண்டுபோவாய், அதற்குள் பெட்டியின் படம் வந்துவிடும். ஊரில், சிதறாலில் இருக்கும் உன் மாமா நாங்கள் அனுப்பியதைப் பார்த்துவிட்டு, "எல்லாம் சரி, இதுல பிள்ள எங்க?" என்று கேட்டார். அடுத்தது ஒரு மருத்துவமனைத் தொடர். மூக்குக்குள் பாசிமணியைத் திணித்துக்கொண்ட பையன் நீ. 'எனக்கு வலிக்கலை' என்று ஒரே ஒரு வசனம். ஒரு வாரம் குளியலறைக்குள் நின்று அதை எத்தனை விதமாகச் சொல்லிப் பார்த்தாய். ஒளிபரப்பானபோது பார்த்தால் அதையும் வெட்டியிருந்தார்கள். நீ சோபாவில் முகத்தைப் புதைத்துக்கொண்டாய். நான் உன்னைத் தூக்கிக்கொண்டு போய்ச் சமையலறையில் உட்காரவைத்து, ஏத்தன் வாழைப்பழத்தை நெய்யில் வாட்டிக் கொடுத்தேன். அதுவரை எனக்கு யார் மீதும் பொறாமை இல்லை. நீ வெட்டுப்பட்டாலும் என்னிடம்தான் வந்தாய்.

பிறகுதான் அந்தக் கடற்கரைத் தொடர். மனைவியை இழந்து, சிறிய கடற்கரை ஊரில் மீன் வறுவல் கடை நடத்தும் ஒருவர், அவருடைய மகன் சாம். சாம் நீ. அப்பா ஜேசன். அவருடைய முன்னோர் எந்தக் காலத்திலோ கரும்புத் தோட்ட வேலைக்குக் கயானாவுக்குப் போனவர்களாம், அங்கிருந்து குடும்பம் லண்டனுக்கு வந்ததாம். பார்த்தால் நம் மார்த்தாண்டத்துக்காரர் மாதிரியே இருப்பார், தமிழ் ஒரு எழுத்து தெரியாது. அந்த நாட்டுச் சட்டப்படி நடிக்கிற பிள்ளையோடு ஒரு பெரியவர் கூடவே இருக்க வேண்டும். அம்மாவுக்குப் பகல் வேலை. அதனால் இரவெல்லாம் பெட்டி அடுக்கிவிட்டு, காலையில் உன்னைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறி, படப்பிடிப்பு நடக்கும் இடத்தில் ஒரு கேரவனுக்குள் ஹீட்டர் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது என் வேலையாயிற்று. உனக்குப் பழக வேண்டும் என்று அங்கே எல்லோரும் ஜேசனை 'டாட்' என்றே கூப்பிட்டார்கள். முதல் நாளே குழப்பம் வந்தது. டாடைக் கூட்டிவா என்று யாரோ சொல்ல, அங்கே வேலை பார்த்த ஒரு சின்னப் பெண் என்னைக் கூட்டிக்கொண்டு போய் விளக்குகளுக்கு நடுவே நிறுத்திவிட்டாள். எல்லோரும் சிரித்தார்கள். அன்றிலிருந்து ஜேசன் 'டாட்', நான் 'ரியல் டாட்'. ரியல் டாட், டீ வேணுமா? ரியல் டாட், கொஞ்சம் நகர்ந்துக்கறீங்களா? மரியாதையாகத்தான் கூப்பிட்டார்கள். ஆனால் யோசித்துப் பார், மக்கா. சந்தையில் நல்ல நெய்யை யாரும் நல்ல நெய் என்று சொல்லி விற்பதில்லை, நெய் என்றுதான் விற்பார்கள். பெயருக்கு முன்னால் அப்படி ஒன்றை ஒட்டிவிட்டால் எனக்கே என் மேல் சந்தேகம் வந்தது.

திட்டுவதற்கு ஒரு குறை இருந்திருந்தால் நிம்மதியாக இருந்திருப்பேன். ஜேசனிடம் அதுவும் இல்லை. தாமதமாக வரமாட்டார், சத்தம் போடமாட்டார். உன்னிடம் பேச வேண்டுமென்றால் தரையில் முட்டி போட்டு, உன் முகத்துக்கு நேராக முகத்தை வைத்துக்கொண்டு கேட்பார். பள்ளியில் உன்னை ஒருவன் கறுப்பன் என்று கேலி செய்ததை நீ முதலில் அவரிடம்தான் சொன்னாய். உனக்கு இருட்டு பயம் என்பது அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். திரும்பி வரும் பஸ்ஸில் நீ என் தோளில் சாய்ந்து தூங்கிவிடுவாய். பேசுகிற பிள்ளை அவருக்கு, தூங்குகிற பிள்ளை எனக்கு. இதைச் சொல்லும்போதே ஒரு புத்திமதியும் சொல்லிவிடுகிறேன், இனி இடம் கிடைக்குமோ என்னவோ. கல்யாணமான பிறகு அபிஷா உன்னிடம் ஏதாவது சொல்ல வந்தால் ஜேசனைப் போல முட்டி போட்டாவது கேள். என்னைப் போல ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு 'ம்' கொட்டாதே. அந்த ஒரு விஷயத்தில் அவரை விட்டுக்கொடுக்க எனக்கு மனமில்லை.

இனி உன் தலையில் தேய்த்த பொடிக்கு வருகிறேன். தலைக்குக் குளித்துவிட்டு வருகிற பிள்ளையின் உச்சியில் ராஸ்னாதிப் பொடி தேய்க்காமல் விடுவது நம் வீட்டில் கிடையாது. தலையில் நீர் இறங்கிச் சளி பிடிக்கக் கூடாது என்பதற்காக. லீட்ஸ் குளிரில் எனக்கு அந்தச் செங்கல் நிறப் பொடி மேல் இருந்த நம்பிக்கை ஹீட்டர் மேல்கூட இருந்ததில்லை. ஊரிலிருந்து யார் வந்தாலும் நாகர்கோவில் வைத்தியசாலையில் ஒரு பொட்டலம் வாங்கி வரச் சொல்லி, தகர டப்பாவில் போட்டு வைத்திருப்பேன். குளித்துவிட்டு வந்ததும் நீ தலையைக் குனிந்து என் வயிற்றில் முட்டிக்கொண்டு நிற்பாய். நான் ஒரு சிட்டிகை எடுத்து உச்சியில் வைத்து, இரண்டு விரலால் வட்டமாகத் தேய்த்து, கடைசியில் உள்ளங்கையால் ஒரு தட்டு தட்டுவேன். அந்தத் தட்டு விழாமல் நீ நகரமாட்டாய். அம்மா தேய்த்தால்கூட ஒத்துக்கொள்ளமாட்டாய்.

தொடரில் அந்தக் கடல் காட்சி எடுத்த நாள் உனக்கு நினைவிருக்கும். சாம் கோபித்துக்கொண்டு கடலுக்குள் இறங்கிவிடுகிறான், அப்பா தூக்கிக்கொண்டு வந்து கடைக்குள் உட்காரவைக்கிறார். எழுதிக் கொடுத்த வசனம் சரியாக வரவில்லை. திரும்பத் திரும்ப எடுத்தார்கள். நான் ஒரு மூலையில் டீயோடு நின்று, கேமரா பக்கத்துச் சின்னத் திரையில் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போது ஜேசன் உன் முன்னால் முட்டி போட்டு, நீ இப்படி நனைந்து வந்தால் உன் அப்பா என்ன செய்வார் என்று கேட்டார். நீ அவர் கையைப் பிடித்து உன் உச்சியில் வைத்தாய். விரலை எப்படிச் சுற்ற வேண்டும் என்று காட்டினாய். பொடி வேண்டும் என்றாய். யாரோ ஓடிப்போய்க் காப்பி மேசையிலிருந்து பட்டைப் பொடியை எடுத்து வந்தார்கள், காப்பிக்கு மேலே தூவுகிற பட்டை. இந்த முறை வசனமே இல்லை. அவர் ஒரு சிட்டிகை எடுத்தார், தேய்த்தார், தட்டினார். நீ தலையைக் குனிந்து அவர் வயிற்றில் முட்டிக்கொண்டு நின்றாய். பட்டைக் காரம் மூக்கில் ஏறி ஒரு தும்மல் போட்டாய். டைரக்டர் கட் சொல்லாமல் அப்படியே விட்டார். அங்கே பாதிப் பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். எனக்கு வயிறு எரிந்தது. பேச்சுக்குச் சொல்லவில்லை, நீ வழக்கமாக முட்டிக்கொள்ளும் அந்த இடம் நிஜமாகவே எரிந்தது.

தொடர் ஒளிபரப்பாகத் தொடங்கியதும் அந்தக் காட்சியைப் பற்றித்தான் பேச்சு. அம்மாவின் மருத்துவமனையில் நோயாளிகள்கூடச் சொன்னார்களாம், அந்தத் தகப்பன் தலையில் பொடி தேய்த்த அழகைப் பார்த்தீர்களா என்று. ஒரு பேட்டியில் ஜேசன், அதை ஒரு சிறுவனிடமிருந்து கற்றுக்கொண்டேன் என்றார். சிறுவன் யாரிடம் கற்றான் என்று ஒரு புண்ணியவானும் கேட்கவில்லை. எனக்குப் பொறுக்கவில்லை. அடுத்த முறை படப்பிடிப்புக்குப் போனபோது டப்பாவையே எடுத்துக்கொண்டு போனேன். நீ அன்று குளிக்கக்கூட இல்லை. ஜேசனும் மேக்கப் பெண்ணும் பார்த்துக்கொண்டிருக்க உன்னைக் கூப்பிட்டு, ஒரு சிட்டிகை போதும் என்கிற இடத்தில் ஒரு கை நிறைய வைத்துத் தேய்த்தேன். இதன் உண்மையான சொந்தக்காரன் யார் என்று அந்தக் கூட்டத்துக்குத் தெரியட்டும் என்று. விளக்குச் சூட்டில் உனக்கு வேர்த்ததும் பொடி கரைந்து நெற்றியில் செங்கோடாக இறங்கிவிட்டது. எடுத்த காட்சி வீண். இனி இது வேண்டாமே ரியல் டாட் என்று அந்தச் சின்னப் பெண் தயங்கித் தயங்கிச் சொன்னாள். மறுநாளும் தேய்த்தேன். அன்று பஸ்ஸில் நீ தூங்கவில்லை. "அப்பா, இனி அது வேண்டாம்பா. எல்லாரும் பாக்காங்க," என்றாய். நான் டப்பாவைக் கோட்டுப் பைக்குள் வைத்தேன். வீட்டிலும் பிறகு எடுக்கவில்லை. நீயும் கேட்கவில்லை.

கடைசி நாள் படப்பிடிப்பில் கேக் வெட்டினார்கள். ஜேசன் உனக்கு ரிப்பன் கட்டிய ஒரு பட்டைப் பொடி பாட்டிலைப் பரிசாகக் கொடுத்தார். எல்லோரும் கேட்டுக்கொண்டதால் கடைசியாக ஒரு முறை உன் உச்சியில் தேய்த்தார். என்னிடம் வேண்டாம் என்றவன் அவருக்குக் குனிந்தாய். எல்லோரும் கைதட்டினார்கள், நானும் தட்டினேன். கோட்டுப் பைக்குள் டப்பா இருந்தது.

அதன் பிறகு உனக்குக் குரல் உடைந்தது, மீசை அரும்பியது, ஆள் தென்னம்பிள்ளை மாதிரி வளர்ந்துவிட்டாய். கூப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் கூப்பிடுவதை நிறுத்தினார்கள். கடைசியாகப் போன நடிப்புத் தேர்வில், தங்கள் மனதில் இன்னும் சாம்தான் இருக்கிறான், நீ அவனைப் போல இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். நீ பல நாள் சரியாகச் சாப்பிடவில்லை. நான் நன்றாகச் சாப்பிட்டேன். இதை உன்னிடம் சொல்லலாமா என்று அம்மாவிடம் கேட்டேன், வேண்டாம் என்றாள். சொல்லிவிட்டேன். உன் நடிப்பு முடிந்ததில் எனக்கு வந்த சந்தோஷம், வடசேரியில் கடை போட்ட நாளில்கூட வந்ததில்லை. இனி பிள்ளைக்கு ஒரே அப்பாதான் என்று நினைத்தேன். நீ படித்து, அங்கேயே காது கேளாதவர்களுக்குக் கருவி பொருத்தும் வேலைக்குப் போனாய், நானும் அம்மாவும் ஊருக்குத் திரும்பினோம். உன் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் ஜேசனிடமிருந்து வாழ்த்து அட்டை வந்துகொண்டேதான் இருந்தது.

முந்தாநாள் மணவாளக்குறிச்சியிலிருந்து அபிஷா அவள் அம்மாவோடு வந்திருந்தாள். நெய்மீன் வாங்கி வந்திருந்தார்கள். பெரியவர்கள் இருவரும் சமையலறையில் மீனைப் பார்த்துக்கொண்டிருந்தபோது அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். நீதான் அவளிடம் சொல்லியிருக்க வேண்டும், நான் 'பாக்கலாம்' என்று சொல்லிப் போனைக் கொடுத்துவிட்டதை. "மாமா, அவங்க அந்த சீரியல்ல அழணும்னா என்னத்த நெனப்பாங்கன்னு உங்களுக்குத் தெரியுமா?" என்று உன்னைப் பற்றிக் கேட்டாள். எனக்கு எப்படித் தெரியும்? அப்போது சொன்னாள். "கேரவன்ல நீங்க வாயத் தொறந்துட்டு ஒறங்குவீங்களாம். ஹீட்டர் மேல உங்க நனைஞ்ச சாக்ஸ் காயுமாம், பெருவிரல் இடத்துல ஓட்டையோட. அந்த ஓட்டைய நெனச்சா போதுமாம் மாமா, அழுகை தானா வந்துருமாம்."

அந்தப் பெண் என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது, மக்கா, மறைக்கமாட்டேன். கண்ணைத் துடைக்க எழுந்து போய்விட்டேன். ஆனால் முகத்தைக் கழுவும்போதே அடுத்தது தோன்றிவிட்டது. அப்படியானால் என் சாக்ஸையும் அல்லவா அவனுக்குக் கொடுத்துவிட்டாய்! நீ அழுதது எனக்காக, அந்த அழுகை விழுந்தது அவன் சட்டையில். நாடே பார்த்தது அவன் அணைப்பை. ஓட்டை என்னுடையது, பெயர் அவனுக்கு. இப்படி யோசிக்கிற மனிதனை என்ன செய்வது என்று எனக்கே தெரியவில்லை. இது போகாது போல் இருக்கிறது. எனக்குச் சர்க்கரை இருக்கிறது, ரத்த அழுத்தம் இருக்கிறது, அவற்றோடு இதுவும் இருந்துவிட்டுப் போகட்டும்.

நாளைக்கு உனக்கும் ஒரு பிள்ளை பிறக்கும். உன் வீட்டுக்குள் உன் கையால் பழகியதை அது வெளியே எடுத்துக்கொண்டு போய், ஒரு வாத்தியாருக்கோ கூட்டாளிக்கோ கொடுத்துவிட்டு வரும். கேட்டுவிட்டுக் கொடுக்காது. உனக்கு எரியும். எரிந்தால் அன்றைக்கே அதனிடம் சொல்லிவிடு. என்னைப் போல டப்பாவைப் பைக்குள் வைத்துக்கொண்டு இத்தனை வருடம் நடக்காதே. நான் அந்தப் பஸ்ஸிலேயே, எனக்குப் பொறாமையாக இருக்கிறது மக்கா என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், நீ அப்போதே சிரித்துக்கொண்டு தலையைக் குனிந்திருப்பாய் என்று இப்போது தோன்றுகிறது. கறுப்பன் என்று சொன்னவனைப் பற்றியும் என்னிடமே சொல்லியிருப்பாயோ என்னவோ.

சரி, நீ கேட்டதற்குப் பதில். ஜேசன் வரட்டும். முன் பெஞ்சில், என் பக்கத்தில், மின்விசிறிக்கு நேர் கீழே உட்காரட்டும், நம் சூடு அவருக்குத் தாங்காது. முந்தின நாள் சாயங்காலம் நம் வீட்டில் காய்வெட்டு இருக்கிறது. சொந்தக்காரரும் அக்கம்பக்கத்து ஆண்களும் வட்டமாக உட்கார்ந்து மறுநாள் அவியலுக்குக் காய் நறுக்குவார்கள். அதிலும் அவருக்கு என் பக்கத்தில் இடம் போடுகிறேன். முருங்கைக்காயும் வெள்ளரிக்காயும் மற்றவர்களுக்கு, சேனைக்கிழங்கு அவருக்கு. கை அரிக்கும். அரிக்கட்டும். கொஞ்ச நேரம் வேடிக்கை பார்த்துவிட்டு நானே தேங்காய் எண்ணெய் எடுத்துக் கொடுப்பேன்.

ஆனால் ஒரு காரியம் நீ எனக்குச் செய்ய வேண்டும். கல்யாணத்தன்று காலையில் தலைக்குக் குளித்துவிட்டு, துவட்டின தலையோடு நேராக என் அறைக்கு வா. புதுப் பொடி வாங்கிவிட்டேன், டப்பா அதே டப்பாதான். வீடியோ எடுக்கிற பையன் கல்யாண வீட்டில் எதையும் விடமாட்டான், ஒருதடவை செய்ததைத் திரும்பவும் செய்யச் சொல்லுவான். அந்த அறைக்குள் கேமரா கூடாது என்று அட்வான்ஸ் கொடுக்கும்போதே அவனிடம் சொல்லிவிட்டேன். ஜேசன் வேண்டுமானால் வாசலில் நின்று பார்த்துக்கொள்ளட்டும், அது எப்படிச் செய்கிற வேலை என்று அவரும் ஒரு தடவை சரியாகத் தெரிந்துகொள்ளட்டும். நீ இப்போது என்னைவிட ஒரு முழம் உயரம். வயிற்றில் முட்டிக்கொள்ள வேண்டுமென்றால் நன்றாகக் குனிய வேண்டியிருக்கும், வேட்டி கசங்கினால் கசங்கட்டும். பயப்படாமல் குனி, மக்கா. இது பட்டைப் பொடி இல்லை, தும்மல் வராது.

உன் அப்பா